களியக்காவிளையில் நின்று படிக்க ஐந்து புத்தகங்கள்

கன்னியாகுமரி மாவட்டம் குலசேகரம் பக்கத்திலிருந்து அரசறிவியல் முதுகலை இரண்டாம் ஆண்டு படிக்கும் ஒரு தம்பி கேட்டிருக்கிறார்: "சார், இந்த செமஸ்டரில் இனக்குழு அரசியல், உலகமயமாக்கல், சட்டமன்ற அரசியல் என்று மூன்று பேப்பர். மூன்றுக்கும் தனித்தனிப் புத்தகப் பட்டியல் தந்திருக்கிறார்கள். கூட்டினால் நாற்பதைத் தாண்டுகிறது. எதைப் படிக்க, எதை விட? எல்லாம் அமெரிக்கா, ஆப்பிரிக்கா என்றே போகிறது. நம்ம மாவட்டத்தை வைத்து ஒரு ப்ராஜெக்ட் எழுத வழி உண்டா?"

வழி உண்டு தம்பி. நாற்பதில் முப்பத்தைந்தை இப்போதைக்கு ஓரமாக வையுங்கள். மீதி ஐந்தையும் கேரள எல்லையில் இருக்கும் களியக்காவிளை பஸ் ஸ்டாண்டில் நிற்பதாக நினைத்துக்கொண்டு படியுங்கள். விளையாட்டுக்குச் சொல்லவில்லை. முப்பது வருஷம் இதே பாடத்தை இந்த மாவட்டத்துப் பிள்ளைகளுக்கு நடத்தியவன் நான். முதல் பத்து வருஷம் மூன்று பேப்பரையும் மூன்று அலமாரியாகத்தான் நடத்தினேன். பிள்ளைகள் பரீட்சை எழுதிவிட்டு மறந்தும் போனார்கள். அப்புறம்தான் எனக்கே புரிந்தது, மூன்றுக்கும் அடியில் ஓடுவது ஒரே கணக்கு என்று. ஒரு சபையில் மொத்தம் எத்தனை தலை, அதில் நம்ம தலை எத்தனை, நாம் கை விட்டால் ஆட்சி நிற்குமா விழுமா. இந்தக் கணக்கைப் பிடித்துக்கொண்டால் சாம்பியாவும் தெரியும், எல்லைக்கு அந்தப் பக்கத்துப் பாறசாலையும் தெரியும்.

முதலில் ஒரு சொல்லைச் சரிசெய்துகொள்வோம். 'இனம்' என்றதும் நமக்கு மேடைப்பேச்சுதான் நினைவுக்கு வரும்: தமிழினம், திராவிட இனம். இந்தப் புத்தகங்களில் வரும் இனக்குழு அதைவிட அகலமானது. பிறப்போடு வருகிற எந்த அடையாளமும் அதில் அடக்கம். மொழி, மதம், சாதி எல்லாமே. நம்ம ஊரில் 'சமுதாயம்' என்று சொல்கிறோமே, "அவரு நம்ம சமுதாயந்தான்" என்று, அந்தச் சொல்தான் கிட்டத்தட்ட பொருந்தும். மார்த்தாண்டத்தில் கடை வைத்திருக்கும் ஒரே ஆள் தமிழர், நாடார், சி.எஸ்.ஐ. திருச்சபைக்காரர், விளவங்கோட்டுக்காரர், ரப்பர் தோட்டக்காரர் எல்லாமாக இருப்பார். இத்தனையும் ஒரே உடம்பில் இருக்க, ஓட்டுப் பெட்டிக்கு முன்னால் மட்டும் எது எழுந்து நிற்கிறது, ஏன் அது? முதல் பேப்பர் முழுக்க இந்த ஒரு கேள்விதான்.

இதற்கு நான் பார்த்தவரையில் மிகத் தெளிவான பதில் சொன்னவர் டேனியல் போஸ்னர் என்ற அமெரிக்க அரசறிவியலாளர். 2005-ல் வந்த அவருடைய புத்தகம் ஆப்பிரிக்காவில் அரசியல் அமைப்புகளும் இனக்குழு அரசியலும் பற்றியது. களம் பெரும்பாலும் சாம்பியா. அதற்கு முந்தின வருஷம் அவர் எழுதிய கட்டுரை ஒன்று உண்டு. புத்தகத்துக்கு முன் அதைப் படியுங்கள். சாம்பியாவுக்கும் மலாவிக்கும் நடுவே ஒரு எல்லைக்கோடு ஓடுகிறது. வெள்ளைக்காரன் நிர்வாக வசதிக்காகப் போட்ட கோடு அது. செவா, தும்புக்கா என்று இரண்டு சமுதாயங்கள் கோட்டின் இரண்டு பக்கமும் இருக்கின்றன. அந்தப் பக்கத்துச் செவாவுக்கும் இந்தப் பக்கத்துச் செவாவுக்கும் மொழியிலோ சடங்கிலோ வித்தியாசம் கிடையாது. ஆனால் மலாவியில் செவாவும் தும்புக்காவும் அரசியலில் எதிரிகள். சாம்பியாவில் இருவரும் 'கிழக்கத்தியார்' என்று ஒரே அணி. பண்பாடு ஒன்றாக இருக்கும்போது உறவு மட்டும் ஏன் மாறுகிறது? போஸ்னர் எல்லைக்கு இருபுறமும் ஊர் ஊராகப் போய், "அந்தச் சமுதாயத்தில் பெண் எடுப்பீர்களா, அந்தச் சமுதாயத்து ஆள் நின்றால் ஓட்டுப் போடுவீர்களா" என்று கேட்டார். அவர் கண்ட விடை எண்ணிக்கையில் இருந்தது. மலாவி சின்ன நாடு. அங்கே இரண்டு சமுதாயமும் தனித்தனியாக நின்று ஆட்சியைப் பிடிக்க ஆசைப்படும் அளவுக்குப் பெரியவை. சாம்பியாவில் இரண்டும் சிறியவை. சேர்ந்தால்தான் கணக்கில் வரும். ஆகவே சேர்ந்தார்கள்.

இனி 1956-க்கு முந்தின நம்ம கதைக்கு வாருங்கள். தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு நான்கு தாலுகாவும் அன்று திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தில். 1952 தேர்தலில் அந்தச் சட்டசபைக்கு 108 இடம். காங்கிரசுக்கு 44. தமிழ்த் தாலுகாக்களைத் தமிழ்நாட்டோடு சேர்க்கக் கேட்ட நேசமணி வக்கீலின் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரசுக்கு 8. யாருக்கும் பெரும்பான்மை இல்லை. ஏ.ஜே. ஜான் முதலமைச்சரானார், இந்த எட்டுப் பேரும் ஆதரவு கொடுத்தார்கள். 1953-ல் ஆதரவை வாங்கிக்கொண்டார்கள், அமைச்சரவை விழுந்தது. 44 பேர் கொண்ட கட்சியை 8 பேர் இறக்கிவிட்டார்கள். தராசில் முள் எவ்வளவு எடை இருக்கும் சொல்லுங்கள்? ஆனால் எல்லோரும் பார்ப்பது முள்ளைத்தானே. 1954-ல் மறுபடி தேர்தல். சபை 117 ஆகியிருந்தது, இவர்கள் 12 ஆனார்கள். அந்த 12-ல் நம்ம தாலுகாக்கள் மட்டுமல்ல, செங்கோட்டை, தேவிகுளம் பக்கத்துத் தமிழரும் உண்டு. இந்த முறை 19 இடம் மட்டும் வைத்திருந்த பிரஜா சோஷலிஸ்ட் கட்சியின் பட்டம் தாணுப்பிள்ளை, காங்கிரஸ் வெளியிலிருந்து தாங்க, முதலமைச்சரானார். முள் கை நழுவியது. சபைக்குள் வழி அடைபட்டதும் போராட்டம் தெருவுக்கு வந்தது. 1954 ஆகஸ்ட் 11 துப்பாக்கிச் சூடு, மார்த்தாண்டம், புதுக்கடை, இவையெல்லாம் உங்கள் வீட்டுப் பெரியவர்கள் சொல்லிக் கேட்டிருப்பீர்கள். கேட்காத ஒன்றைச் சொல்கிறேன்: அந்தச் சூட்டுக்காகப் பட்டம் தாணுப்பிள்ளை பதவி விலகவேண்டும் என்று கேட்டவர் அவர் கட்சியின் பொதுச்செயலாளர் ராம் மனோகர் லோகியா. கட்சி இணங்கவில்லை. அடுத்த வருஷம் லோகியா வெளியேறி, கட்சி அகில இந்திய அளவில் உடைந்தது. புதுக்கடையில் சுட்ட குண்டு எங்கே போய்ப் பட்டது பாருங்கள்.

அந்தச் சபைக்குள் நமக்கு இருந்த அடையாளம் 'தமிழர்'. நேசமணி கிறிஸ்தவர். அவரோடு தோளோடு தோள் நின்ற தாணுலிங்க நாடார் இந்து. அது அன்று யாருக்கும் பெரிதாகப் படவில்லை. மலையாளம் பெரும்பான்மையாக இருக்கும் சபையில் தமிழ் என்று நின்றால்தான் எட்டோ பன்னிரண்டோ தேறும்.

1956 நவம்பர் 1-ல் கோடு மாறியது, நான்கு தாலுகாவும் சென்னை மாநிலத்தோடு சேர்ந்தன. வந்து சேர்ந்த இடத்தில் எல்லோரும் தமிழர். 1957 சென்னை சட்டசபையில் 205 இடம், அதில் காங்கிரசுக்கு மட்டும் 151. நாம் இருந்தாலும் ஒன்று, இல்லாவிட்டாலும் ஒன்று. தமிழர் என்ற அடையாளத்துக்குப் புது வீட்டில் வேலையே இல்லை. திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் பெரிய காங்கிரசுக்குள் கரைந்தது. திராவிடக் கட்சிகள் மற்ற மாவட்டங்களை மொழியை வைத்துப் பிடித்த காலத்தில் இங்கே அந்தத் தீ அவ்வளவாகப் பற்றவில்லை. மொழிக்காக அடிபட்டு மேலே வந்த ஊர்தான் இது, ஆனாலும் அப்படி. 1967-ல் விருதுநகரில் தோற்ற காமராஜர், நேசமணி இறந்து காலியான நாகர்கோவிலில் 1969 இடைத்தேர்தலில் ஜெயித்தார். 1971-லும் இங்கேதான் ஜெயித்தார்.

மொழி காலி செய்த இடத்தில் மெல்ல மதம் வந்து உட்கார்ந்தது. 1982 மார்ச் 1 மண்டைக்காட்டு இந்து-கிறிஸ்தவக் கலவரம். நேசமணியோடு நின்ற அதே தாணுலிங்க நாடார் பின்னாளில் இந்து முன்னணியின் தலைவர் ஆனார். 1996-ல் பா.ஜ.க.வின் முதல் தமிழ்நாட்டுச் சட்டமன்ற உறுப்பினர் பத்மநாபபுரத்திலிருந்து போனார். 2014-ல் அ.தி.மு.க. 39-ல் 37 தொகுதியை அள்ளியபோதும் கன்னியாகுமரி கையில் சிக்கவில்லை. 2011 கணக்கெடுப்பில் இந்த மாவட்டத்தில் இந்துக்கள் 48.65 சதவீதம், கிறிஸ்தவர்கள் 46.85 சதவீதம். இரண்டும் ஏறக்குறைய சரிபாதி. இரண்டு பக்கமும் 'நாம் தனியாகவே ஜெயிக்கலாம்' என்று ஆசைப்படுகிற அளவு. போஸ்னரின் மலாவி இதுதான். பெரிய கட்சிகள் பெரும்பாலும் ஒரே சாதியிலிருந்து வேட்பாளரை நிறுத்துவதால் சாதி கணக்கில் அடிபட்டுப் போகிறது, மிச்சம் மதம் நிற்கிறது. மறுபக்கம் பாருங்கள்: விளவங்கோட்டிலும் கல்குளத்திலும் வீட்டில் மலையாளம் பேசும் குடும்பங்கள் இன்றும் உண்டு, மலையாளப் பள்ளிகளும் உண்டு. ஆனால் மலையாளிகள் கட்சி என்று ஒன்று இங்கே தலையெடுக்கவில்லை. 234 பேர் சபையில் அந்த எண்ணிக்கைக்கு ஒரு நாற்காலிகூடத் தேறாது.

இவ்வளவும் படித்துவிட்டுப் போஸ்னரைக் கும்பிட்டு உட்கார்ந்துவிடாதீர்கள். அடுத்து பல்தேவ் ராஜ் நய்யார். பெயரைப் பார்த்து பாலராமபுரத்து நாயர் என்று நினைக்கவேண்டாம். பஞ்சாபியர், கனடாவில் மெக்கில் பல்கலைக்கழகத்தில் இருந்தவர். 1966-ல் வந்த அவருடைய புத்தகம் பஞ்சாபில் சிறுபான்மை அரசியல் பற்றியது. சீக்கியர் கட்சியான அகாலி தளம் 'பஞ்சாபி மொழிக்கு ஒரு மாநிலம்' கேட்ட கதை. மொழியின் பெயரில் கேட்டாலும் உள்ளே இருந்தது சீக்கியப் பெரும்பான்மை மாநிலம் என்ற ஆசை என்பது அவர் கணிப்பு. மாநில எல்லைகளைத் திருத்தி அமைக்கப் போட்ட பசல் அலி கமிஷன் 1955-ல் நம்ம நான்கு தாலுகாவையும் சென்னைக்குக் கொடுக்கச் சொன்னது. பஞ்சாபியர் கேட்டதைத் தள்ளியது. அவர்களுக்குக் கிடைத்தது 1966 நவம்பர் 1-ல், நமக்குச் சரியாகப் பத்து வருஷம் கழித்து, அதே தேதி.

நய்யாரிடம் எனக்குப் பிடித்தது, ஒரு சிறு கட்சிக்கு இருக்கும் மூன்று வழிகளை அவர் பிரித்த விதம். சட்டப்படி தேர்தலில் நின்று கேட்பது ஒன்று. ஆளும் கட்சிக்குள்ளேயே நுழைந்து உள்ளிருந்து காரியம் சாதிப்பது இன்னொன்று. தெருவில் இறங்குவது மூன்றாவது. அகாலிகள் மூன்றையும் மாற்றி மாற்றிச் செய்தார்கள். நம்ம ஆட்களும் அதையேதான் செய்தார்கள்: தேர்தலில் நின்றார்கள், ஜான் அமைச்சரவைக்கு முட்டுக் கொடுத்தார்கள், 1954-ல் தெருவுக்கு வந்தார்கள். போஸ்னர் ஏன் என்று சொல்கிறார் என்றால் நய்யார் எப்படி என்று சொல்கிறார். மொழிப் பேச்சுக்கு உள்ளே வேறென்ன இருந்தது என்று கேட்கவும் அவரே கற்றுத் தருவார். தெற்குத் திருவிதாங்கூரில் தமிழ் என்ற சொல்லுக்குள் நிலமும் சாதி மேலாதிக்கமும் எவ்வளவு இருந்தது? வகுப்பில் இதைக் கேட்டால் இப்போதும் இரண்டு பெஞ்ச் சண்டைக்கு வரும். கேளுங்கள்.

இதே நய்யார்தான் 2001-ல் உலகமயமும் தேசியவாதமும் பற்றி, ஐம்பது வருஷ இந்தியப் பொருளாதாரக் கொள்கையை வைத்து ஒரு புத்தகம் எழுதினார். சிறுபான்மை அரசியலில் தொடங்கிய ஆள் உலகச் சந்தைக்கு வந்து சேர்ந்தார். உங்கள் மூன்று பேப்பரில் இரண்டை ஒரே ஆயுளில் எழுதிய மனிதர்.

மூன்றாவது ராபர்ட் ஹார்ட்கிரேவ், 1969. நாடார் சமுதாயத்தின் அரசியல் பண்பாடு பற்றிய புத்தகம், கலிபோர்னியா பல்கலைக்கழக வெளியீடு. நம்ம மண்ணைப் பற்றி வெளிநாட்டு அரசறிவியலாளர் எழுதியதில் இதுதான் கனமானது. எனக்குச் சின்ன வருத்தம் ஒன்று இதில் உண்டு. ஒரு நூலகத்தில் முதல்முறை இதை எடுத்தபோது, நாடார் பெண்கள் மார்பை மூடும் உரிமைக்காக நடந்த தோள்சீலைப் போராட்டம் வரும் பக்கங்கள் மட்டும் பிளேடு வைத்து அறுத்தெடுக்கப்பட்டிருந்தன. ஓரத்தில் அரை அங்குலம் காகிதம் நீட்டிக்கொண்டிருந்தது. யாரோ அவசியப்பட்டு எடுத்தார்களா, இருக்கக்கூடாது என்று எடுத்தார்களா, தெரியாது. அந்தப் பகுதியை அப்புறம் வேறு பிரதியில்தான் படித்தேன்.

ஹார்ட்கிரேவ் ஏன் வேண்டும் என்றால், தலையெண்ணும் கணக்கு எங்கே தோற்கும் என்பதற்கு அவரிடம்தான் ஆதாரம். 1822-லிருந்து 1859 வரை நடந்த தோள்சீலைப் போராட்டத்தின்போது சட்டசபையே கிடையாது. திருவிதாங்கூரில் சட்டமன்றக் குழு வந்ததே 1888-ல். ஓட்டு இல்லை, இடம் இல்லை, முள் இல்லை. இருந்தும் பெண்கள் அடிவாங்கினார்கள், ஜெபக்கூடங்கள் எரிந்தன, ஜனங்கள் பின்வாங்கவில்லை. 1859 ஜூலை 26-ல் மகாராஜா பிறப்பித்த ஆணையை வாசித்துப் பாருங்கள். குப்பாயம் என்ற சட்டை போடலாம், மீன்பிடிக்கும் முக்குவப் பெண்கள் போலத் துணி சுற்றலாம், எப்படி வேண்டுமானாலும் மார்பை மூடலாம், ஆனால் மேல்சாதிப் பெண்கள் உடுத்துவது போல மட்டும் கூடாது. கொடுக்கிற கையிலேயே பிடுங்குகிற ஆணை. இந்த 'மட்டும் கூடாது' தந்த கோபத்தை எந்த எண்ணிக்கையில் வைப்பீர்கள்? ஒரு சமுதாயம் தன்னை ஒரு சமுதாயமாக உணர்வது தேர்தலுக்கு எத்தனையோ தலைமுறைக்கு முன்பே நடந்துவிடுகிறது. போஸ்னர் எண்ணத் தொடங்குவது அதற்கு அப்புறம். ஹார்ட்கிரேவ் இன்னொன்றும் சொல்கிறார்: சமுதாயம் முதலில் சங்கமாகத் திரண்டு ஒன்றாகும், பிறகு படிப்பும் பணமும் வந்து உள்ளுக்குள்ளேயே பலவிதமாகப் பிரியும், பிரிந்ததும் ஒரே கட்சிக்கு ஒட்டுமொத்தமாக ஓட்டுப் போடாது. இன்றைய நாகர்கோவிலுக்கு இதைவிடப் பொருத்தமான விளக்கம் நான் பார்க்கவில்லை.

சட்டமன்ற அரசியலுக்கு வருவோம். டேவிட் மேஹியூ, 1974. அமெரிக்கக் காங்கிரஸ் உறுப்பினர்களைப் பற்றிய சின்னப் புத்தகம், இரண்டு நாளில் முடித்துவிடலாம். மறுபடி ஜெயிப்பது ஒன்றே உறுப்பினரின் குறி என்று வைத்துக்கொண்டால் அவர் செய்வதெல்லாம் மூன்றில் அடங்கும் என்கிறார். பெயரை மக்கள் கண்ணில் படவைப்பது, நடந்த நல்லதுக்கெல்லாம் 'நான்தான் செய்தேன்' என்பது, வாக்காளருக்குப் பிடித்த நிலைப்பாட்டை உரக்கச் சொல்வது.

முதல் இரண்டும் உங்கள் பஸ் நிறுத்தத்திலேயே இருக்கிறது. நிழற்குடையை நிமிர்ந்து பாருங்கள். தொகுதி மேம்பாட்டு நிதி, ஆண்டு, மதிப்பீடு, கீழே பெயர். எங்கள் ஊர் நிழற்குடையில் தகரம் துருப்பிடித்து மழை ஒழுகுகிறது. ஆண்டும் தொகையும் வெயிலில் வெளுத்துவிட்டன. பெயர் மட்டும் இரண்டு தடவை புதிதாக எழுதப்பட்டிருக்கிறது. எம்.பி.க்கு வருஷம் 5 கோடி, எம்.எல்.ஏ.வுக்கு 3 கோடி என்று தொகுதி நிதி இருக்கும்வரை மேஹியூவின் முதல் இரண்டும் நம்மூரில் அப்படியே செல்லும்.

மூன்றாவதில்தான் சிக்கல். அமெரிக்க உறுப்பினர் தன் கட்சிக்கு எதிராகவே ஓட்டுப் போட்டு நிலைப்பாட்டைக் காட்டலாம். நம்ம உறுப்பினர் கொறடா உத்தரவை மீறினால் 1985-ல் வந்த கட்சித் தாவல் தடைச் சட்டத்தில் பதவியே போகும். ஆகவே நிலைப்பாடு வாக்கெடுப்பில் தெரியாது. கவன ஈர்ப்புத் தீர்மானத்தில், மானியக் கோரிக்கை விவாதத்தில் மூன்று நிமிஷம் கிடைக்கும்போது, அல்லது வாசலில் மைக் முன்னால்தான் தெரியும். உண்மையாகவே தாவவேண்டுமென்றால் ராஜினாமா செய்துவிட்டுத்தான் தாவவேண்டும். 2024 பிப்ரவரியில் விளவங்கோட்டில் அதைத்தானே பார்த்தோம், எம்.எல்.ஏ. கட்சி மாறினார், பதவியை விட்டார், நாடாளுமன்றத் தேர்தலோடு இடைத்தேர்தலும் வந்தது. 1953-ல் இந்தச் சட்டம் இருந்திருந்தாலும் அந்த எட்டுப் பேரை அது தடுத்திருக்காது. அவர்கள் தனிக் கட்சி, தனிக் கொறடா. இன்று அதே ஊர்க்காரர்கள் பெரிய கட்சிகளுக்குள் ஒருவர் இருவராகச் சிதறி உட்கார்ந்திருக்கிறார்கள். மாவட்டத்துக்கு ஆறு தொகுதி, 234-ல் ஆறு. தொகுதி மறுவரையறைக்கு முன் திருவட்டாறும் சேர்த்து ஏழு இருந்தது. இந்த ஆறு பேரும் ஒரே பிரச்சினைக்குச் சேர்ந்து எழுந்தாலும் சபை அசையாது.

மேஹியூவோடு ரிச்சர்ட் ஃபென்னோவை ஒரு அத்தியாயமாவது புரட்டுங்கள். உறுப்பினர்கள் சொந்தத் தொகுதிக்குப் போகும்போது பின்னாலேயே போய்ப் பார்த்து எழுதினவர். "கல்யாண வீட்டுக்கு வந்தாரு, சாவு வீட்டுக்கு வரல" என்று நம்ம ஊரில் ஒரு எம்.எல்.ஏ.வை எடைபோடுகிறார்களே, அதை ஆய்வாகச் செய்தால் எப்படி இருக்கும் என்று தெரியும்.

உலகமயமாக்கல் பேப்பரில் 1991, உலக வர்த்தக விதிகளான கேட், டபிள்யூ.டி.ஓ. என்று ஆரம்பிப்பார்கள். நம்ம கடற்கரை அதற்கு ரொம்ப முன்னாலேயே உலகமயம் ஆகிவிட்டது. 1741-ல் குளச்சலில் டச்சுக்காரனோடு சண்டை வந்ததற்குப் பின்னால் இருந்தது மிளகு. 1909-ல் ஷோம்பெர்க் என்ற ஜெர்மானிய வேதியியலாளர், இங்கிருந்து கப்பலேறிப் போன கயிற்றில் ஒட்டியிருந்த மணலைப் பார்த்து, அதில் தோரியம் தரும் மோனசைட் தாது இருப்பதைக் கண்டுபிடித்தார். கயிறு வந்த வழியைப் பிடித்து மணவாளக்குறிச்சிக்கு வந்து சேர்ந்தார். அன்று காஸ் விளக்கு மாண்டிலுக்குத் தோரியம் தேவைப்பட்டது. கயிறு முறுக்கின பெண்ணுக்குத் தன் காலடி மண் பெர்லினில் விளக்கெரிக்கப் போகிறது என்று தெரிந்திருக்க வழியில்லை. இன்று அண்டி ஆபீசில், அதாவது முந்திரிப் பருப்பு ஆலையில், போய் நில்லுங்கள். அடுக்கியிருக்கும் சாக்கில் ஆப்பிரிக்க நாட்டுப் பெயர். கொட்டையை உடைத்து விரல் கறுத்த பெண்கள் நம்மூர்க்காரர்கள், பருப்பைத் தின்கிறவர்கள் எங்கேயோ.

இதற்கு என் ஐந்தாவது புத்தகம் பீட்டர் காட்சென்ஸ்டைன், 1985. உலகச் சந்தையில் சின்ன நாடுகள் எப்படிப் பிழைக்கின்றன என்று ஆஸ்திரியா, சுவிட்சர்லாந்து, ஸ்வீடன் மாதிரி ஏழு ஐரோப்பிய நாடுகளை வைத்து எழுதியது. சின்ன நாட்டால் உலக விலையை மாற்ற முடியாது. சந்தைக் கதவை மூடவும் முடியாது. ஆகவே கதவைத் திறந்து வைத்துக்கொண்டு, அடிபடுகிறவனுக்கு உள்ளே ஈடு கொடுக்கும். தொழிலாளி, முதலாளி, அரசு மூவரும் உட்கார்ந்து பேசி அந்த ஈட்டைத் தீர்மானிப்பார்கள். சுருக்கம் இவ்வளவுதான்.

இப்போது ரப்பரை எடுங்கள். குலசேகரத்துப் பிள்ளைக்கு இதை நான் சொல்லிக்கொடுக்கவேண்டியதில்லை. 2011-ல் கிலோ 200 ரூபாயைத் தாண்டிய ரப்பர் ஷீட், 2016 தொடக்கத்தில் 100-க்குக் கீழே வந்தது. பல தோட்டத்தில் பால் வெட்டையே நிறுத்தினார்கள், வெட்டுக்கூலிக்குக் காணாது. எல்லைக்கு அந்தப் பக்கமும் அதே மரம், அதே விலை. ஆனால் 2015-ல் கேரள அரசு கிலோவுக்கு 150 ரூபாய் என்று ஒரு உறுதி விலை வைத்து, சந்தை விலைக்கும் அதற்கும் உள்ள வித்தியாசத்தை விவசாயிக்குக் கொடுக்கத் தொடங்கியது. காட்சென்ஸ்டைன் சொல்லும் ஈடு இதுவேதான். பட்ஜெட்டில் 300 கோடி ஒதுக்கியவர் கோட்டயம் பக்கத்துப் பாலா ஊர்க்காரரான நிதியமைச்சர் கே.எம். மாணி. இந்தப் பக்கத்து விவசாயி அதே மாதிரி ஒன்றை இன்றும் மனுவாகக் கொடுத்துக்கொண்டிருக்கிறார்.

ஏன் அங்கே கிடைத்தது, இங்கே இல்லை? 'கேரளத்தில் விவசாயி மேல் பாசம் அதிகம்' என்பது டீக்கடைப் பதில். எண்ணிப் பாருங்கள். 2011-ல் கேரளச் சட்டசபையின் 140 இடத்தில் ஆளும் கூட்டணிக்கு 72. பெரும்பான்மைக்கு 71 வேண்டும். மாணியின் கேரளா காங்கிரசுக்கு அதில் 9. அந்த ஒன்பது பேரில் பெரும்பாலோரின் ஊர்களில் வீட்டுக்கு வீடு ரப்பர் மரம். அவர்கள் முகம் சுளித்தால் ஆட்சி இல்லை. 1953-ல் நேசமணியின் எட்டுப் பேர் எங்கே இருந்தார்களோ, அதே இடத்தில் 2015-ல் பாலா ரப்பர்க்காரர் இருந்தார். நாம் கோடு மாறி வந்தோம், மொழி கிடைத்தது, அதற்காக உயிர் கொடுத்தவர்களை நான் குறைத்துப் பேசமாட்டேன். முள்ளை அந்தப் பக்கமே விட்டுவிட்டு வந்தோம் என்பதும் நடந்ததுதான்.

மற்ற பட்டியலைப் பற்றிச் சட்டென்று சொல்லிவிடுகிறேன். இனக்குழு மோதல் பற்றிய ஹொரோவிட்சின் 1985 புத்தகம் தலையணை மொத்தம். மலேசியா, இலங்கை வரும் பகுதிகளை மட்டும் பாருங்கள். காஞ்சன் சந்திரா, 2004: பகுஜன் சமாஜ் கட்சியைப் பற்றியது, தி.மு.க.வுக்கும் ஒரு பார்வை உண்டு, நேரம் இருந்தால் கட்டாயம். ஆஷுதோஷ் வர்ஷ்ணி, 2002: கோழிக்கோட்டையும் அலிகாரையும் பக்கத்தில் வைத்து, இரண்டு மதத்தாரும் சேர்ந்திருக்கிற சங்கங்கள் இருந்தால் கலவரம் குறையும் என்பார், மண்டைக்காட்டுக்கு அப்புறம் இங்கே வியாபாரிகள் சங்கங்கள் எப்படி இருந்தன என்று கேட்க அது உதவும். நாகரிகங்கள் மோதும் என்று ஹண்டிங்டன் எழுதியதைப் பரீட்சைக்கு இரண்டு பக்கம் குறிப்பெடுத்தால் போதும். ஒரே நாகரிகத்துக்குள் செவாவும் தும்புக்காவும் ஏன் ஓரிடத்தில் சேர்ந்து ஓரிடத்தில் மோதுகிறார்கள் என்று அவரிடம் பதில் இல்லை.

ப்ராஜெக்ட்டுக்கு வருகிறேன். போஸ்னர் செய்ததை நீங்கள் செய்யுங்கள். விளவங்கோட்டுப் பக்கம் ஒரு பஞ்சாயத்து, பாறசாலைப் பக்கம் ஒரு பஞ்சாயத்து, நடுவே எல்லை. இரண்டிலும் ஒரே சமுதாயம், ஒரே திருச்சபை, ரப்பர் வைத்திருக்கும் வீடுகளாக முப்பது முப்பது எடுங்கள். நாலைந்து கேள்வி போதும். ஓட்டுப் போடும்போது ஆள் எந்தச் சமுதாயம், எந்த மதம், எந்தக் கட்சி என்பதில் எதை முதலில் பார்ப்பீர்கள்? ரப்பர் விலை விழுந்தபோது யாரிடம் போய்ச் சொன்னீர்கள், என்ன கிடைத்தது? எல்லைக்கு அந்தப் பக்கம் பெண் எடுத்திருக்கிறீர்களா, எடுப்பீர்களா? கடைசியாக, அந்த அரசாங்கமா இந்த அரசாங்கமா எது மேல்? இந்தக் கடைசிக் கேள்வியைத் தூத்தூர் பக்கக் கடலோரத்திலும் கேட்கலாம். 2017 ஒக்கிப் புயலில் இறந்தவர் குடும்பத்துக்குக் கேரளம் 20 லட்சம் என்றது, தமிழ்நாடு முதலில் 10 லட்சம் என்று சொல்லிப் பிறகு 20 ஆக்கியது. அந்த நாட்களில் 'எங்களைக் கேரளத்தோடு சேர்த்துவிடுங்கள்' என்ற குரல் இந்தக் கரையில் கேட்டது. ஆனால் கடலையும் மலையையும் ஒரே ப்ராஜெக்ட்டில் போட்டுக் குழப்பிக்கொள்ளாதீர்கள், உங்களுக்கு மூன்று மாசந்தான் இருக்கிறது.

கேள்வித்தாளை அச்சடித்துக் கையில் கொடுக்கவேண்டாம். பாறசாலைப் பக்கம் தமிழ் நன்றாகப் பேசுகிறவர்களில் பலருக்கு வாசிக்க வராது. இந்தப் பக்கம் மலையாளமும் அப்படியே. நீங்களே வாசித்து, பதிலை நீங்களே எழுதுங்கள். காலையில் போகாதீர்கள், பால் எடுத்து, உறைய ஊற்றி வைத்துவிட்டுப் பதினொரு மணிக்கு மேல்தான் மனுஷன் திண்ணையில் உட்காருவார். எந்த வீட்டுப் பிள்ளை என்று முதலில் உங்களைத்தான் கேட்பார்கள். அவர்கள் எந்தச் சொல்லால் கேட்கிறார்கள் என்பதையும் நோட்டில் எழுதிக்கொள்ளுங்கள்.